எந்த நாளின் விலை?

பொதுநலத்தின் பொருட்டு ஒருவரது நிலத்தை அரசு எடுத்துக்கொள்ளலாம் என்பதை மறுப்பார் இன்று அரியர். சாலையும் பள்ளியும் மருத்துவமனையும் எங்கேனும் ஒரு மண்ணின் மேல்தான் எழவேண்டும். ஆகவே, நில எடுப்பின் வரலாற்றில் வழக்குமன்றங்களை நிரப்பிய பூசல்களுட் பெரும்பாலானவை, எடுக்கலாமா என்பது பற்றியவை அல்ல. எடுத்த நிலத்திற்கு என்ன கொடுப்பது என்பது பற்றியவையே. அதிலும் 'எவ்வளவு' என்னும் வினாவைக் காட்டிலும், 'எந்த நாளின் விலை' என்னும் வினாவே பெரும் வேறுபாட்டை விளைவித்தது. வயலாயினும் தென்னந்தோப்பாயினும் பன்றிப் பண்ணையாயினும், நகரம் நெருங்க நெருங்க நிலத்தின் விலை ஏறிக்கொண்டே போகும். விலை கணிக்கும் நாள் பிந்தினால் உரிமையாளருக்கு ஊதியம். முந்தினால் அரசுக்கு ஊதியம். சிங்கப்பூரில் அந்த நாள் 1973ஆம் ஆண்டு நவம்பர் 30 என்று சட்டத்திலேயே எழுதப்பட்டு, பதினான்கு ஆண்டுகள் அசையாமல் நின்றது. அந்த நாள் எவ்வாறு வந்தது, யாரைத் தாக்கியது, யாரைத் தாக்காமல் விட்டது என்பன எண்ணிப் பார்க்கத் தக்கவை.

மலாயாவிலும் சிங்கப்பூரிலும் வழங்கிய நில எடுப்புச் சட்டங்களின் வேர் இந்தியாவில் உள்ளது. ஆங்கிலேயர் 1894இல் இந்தியாவிற்கு இயற்றிய நில எடுப்புச் சட்டம், அரசிதழ் அறிவிப்பு, விசாரணை, இழப்பீட்டு ஆணை, ஆணையை ஏற்காதார் நீதிமன்றத்தை நாடுதல் என்று ஒரு வழிமுறையை வகுத்தது. சிங்கப்பூரின் 1920ஆம் ஆண்டுச் சட்டம் இவ்வழிமுறையைப் பின்பற்றி எழுந்ததே. நிலத்திற்கு விலை வைக்கும் அதிகாரியை இந்நாடுகளில் நெடுங்காலம் 'கலெக்டர்' என்றே அழைத்து வந்தனர். தமிழகத்துச் சிற்றூர்களில் பழகிப்போன அப்பெயர், கடல் கடந்தும் அதே வேலையைச் செய்தது.

1894ஆம் ஆண்டுச் சட்டம் விலையைப் பற்றிக் கூறியது சுருக்கமானது. அறிவிப்பு வெளியான நாளில் நிலம் சந்தையில் என்ன விலை பெறுமோ, அதைக் கொடுக்க வேண்டும். கட்டாயத்தால் எடுக்கப்படுவதாகலின், அதன்மேல் நூற்றுக்குப் பதினைந்து விழுக்காடு ஆறுதல் தொகையாகச் சேர்க்க வேண்டும். படிப்பதற்கு எளிது. ஆனால் சந்தைக்கு வராத நிலத்திற்குச் சந்தை விலை எங்கிருந்து வரும்? விற்க விரும்புபவர் ஒருவர், வாங்க விரும்புபவர் ஒருவர், இருவரும் எவ்வித நெருக்கடியும் இன்றிப் பேரம் பேசினால் எந்த விலையில் ஒப்புவர் என்று நீதிபதி கற்பனை செய்து பார்க்க வேண்டும். அக்கம்பக்கத்தில் அண்மையில் கைமாறிய நிலங்களின் பத்திரங்களே அக்கற்பனைக்கு ஊன்றுகோல்.

இக்கற்பனையின் எல்லையைக் காட்டிய வழக்கு, அந்நாளில் சென்னை மாகாணத்தைச் சேர்ந்திருந்த விசாகப்பட்டினத்தில் தோன்றியது. துறைமுகத்திற்கு அருகே மலையடிவாரத்தில் இருந்த ஒரு நிலம் மலேரியாத் தடுப்புப் பணிகளின் பொருட்டு எடுக்கப்பட்டது. அந்நிலத்தில் நல்ல குடிநீர் ஊற்று ஒன்று இருந்தது. ஊற்று நீருக்கு விலை உண்டா? நீரை வாங்கத் தக்கவர் துறைமுகத்தாரையன்றி வேறெவரும் இல்லையே. ஒருவர் மட்டும் வாங்கக்கூடிய பொருளுக்குச் சந்தை ஏது என்று வாதம் எழுந்தது. 1939இல் இலண்டன் பிரிவி கவுன்சிலில் ரோமர் பிரபு வழங்கிய தீர்ப்பு, அவ்வாதத்தை ஏற்கவில்லை. நிலத்தை எடுப்பவர் ஒருவரே அதனை வாங்கக்கூடியவராயினும், நிலத்தின் தனித்தகுதிக்கு விலை உண்டு; விரும்பி வாங்குபவராக இருந்திருந்தால் அவர் என்ன கொடுத்திருப்பாரோ அதனைக் கணக்கிட வேண்டும் என்று அது கூறியது. மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் நில எடுப்பு வழக்குகள் நடக்கும்போதெல்லாம் இன்றும் எடுத்துக்காட்டப்படும் தீர்ப்பு இதுவே. உழவர் பக்கம் நின்று பார்த்தால், இதன் பொருள் பெரிது. நிலத்தை அது இன்று இருக்கும் நிலையில் மட்டும் மதியாமல், நாளை அது என்னவாகக் கூடும் என்பதையும் சேர்த்து மதிக்க வேண்டும் என்பது அதில் அடங்கும். நகரின் விளிம்பில் உள்ள ஒரு காய்கறித் தோட்டம், காய்கறித் தோட்டம் மட்டுமன்று.

எட்டு ஆண்டுகள் கழித்து, டிரினிடாடில் எழுந்த பொயின்ட் கோர்ட் வழக்கில் அதே பிரிவி கவுன்சில் மறுபக்கத்தையும் காட்டியது. நிலத்தை எடுப்பதற்குக் காரணமான திட்டமே அந்நிலத்தின் விலையை உயர்த்தியிருந்தால், அவ்வுயர்வை இழப்பீட்டில் சேர்க்கலாகாது என்பது 1947ஆம் ஆண்டுத் தீர்ப்பு. துறைமுகம் வரப்போவதால் ஏறிய விலையைத் துறைமுகம் கட்டுபவரிடமே கேட்பது முறையன்று என்பது அதன் உட்கிடை. இவ்விரண்டு தீர்ப்புகளுக்கும் இடைப்பட்ட வெளியிலேதான் இந்நாடுகளின் இழப்பீட்டுச் சட்டம் முழுவதும் நடமாடுகிறது.

நாளை உறையவைக்கும் எண்ணம் சிங்கப்பூரில் முதன்முதல் தோன்றியதன்று. இந்தியப் பிரிவினையின்போது கிழக்கு வங்காளத்திலிருந்து வந்து குவிந்த அகதிகளைக் குடியமர்த்த, மேற்கு வங்க அரசு 1948இல் ஒரு சட்டம் இயற்றியது. எந்த ஆண்டில் நிலத்தை எடுத்தாலும், இழப்பீடு 1946ஆம் ஆண்டு டிசம்பர் 31ஆம் நாளின் விலையைத் தாண்டலாகாது என்றது அச்சட்டம். அகதிகள் வந்ததால் ஏறிய விலையை நிலக்கிழார் அறுவடை செய்யலாகாது என்பதே நோக்கம். நோக்கத்தில் குற்றம் காண்பது கடினம். ஆயினும் 1953 டிசம்பரில் இந்திய உச்ச நீதிமன்றம் அவ்விதியைச் செல்லாது என்றது. தீர்ப்பை எழுதியவர், சென்னை மாகாணத்தில் பிறந்து தலைமை நீதிபதியாக உயர்ந்த பதஞ்சலி சாஸ்திரி. இழப்பீடு என்றால் இழந்ததற்கு ஈடான, நேர்மையான மதிப்பு. நிலம் என்றைக்கு எடுக்கப்படினும் ஏதோ ஒரு பழைய நாளின் விலையே போதும் என்பது அச்சொல்லின் பொருளுக்கே முரண் என்பது அவர் கூறிய காரணம்.

இந்திய அரசு இதனை விரும்பவில்லை. 1955இல் அரசியலமைப்பைத் திருத்தி, இழப்பீடு போதுமா போதாதா என்று நீதிமன்றம் ஆராய்வதைத் தடுத்தது. சென்னை அரசு 1961இல் வேறொரு வழியில் முயன்றது. வீடமைப்புத் திட்டங்களுக்காக எடுக்கும் நிலத்திற்கு, அறிவிப்பு நாளின் விலை அல்லது அதற்கு முந்திய ஐந்தாண்டுகளின் சராசரி விலை, இவற்றுள் எது குறைவோ அதுவே என்றது. ஆறுதல் தொகையைப் பதினைந்திலிருந்து ஐந்து விழுக்காடாகக் குறைத்தது. நிலத்தின் வருங்கால மதிப்பையும் நீக்கியது. சென்னையில் நிலம் இழந்த ஒருவர் தொடுத்த வழக்கில், 1964 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அதையும் வீழ்த்தியது. இம்முறை காரணம் வேறு: வீடு கட்ட எடுத்தால் ஒரு விலை, மருத்துவமனை கட்ட எடுத்தால் மற்றொரு விலை என்பது சமன்மைக்கு மாறானது. நிலம் இழந்தவனுக்கு அந்நிலத்தில் என்ன கட்டுகிறார்கள் என்பதால் இழப்பு கூடுவதோ குறைவதோ இல்லை அல்லவா?

இத்தீர்ப்பு வெளிவந்த அதே 1964ஆம் ஆண்டின் நடுவில்தான் சிங்கப்பூர்ச் சட்டமன்றத்தில் நில எடுப்புத் திருத்தங்கள் கொண்டுவரப்பட்டன. அவற்றின் பின்னணியை மறந்துவிட்டு அவற்றை எடைபோடுவது நேர்மையாகாது. வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் 1960 பிப்ரவரியில் தோன்றியபோது, தீவின் மக்களிற் பெரும்பகுதியினர் நெருக்கடி மிகுந்த கடைவீடுகளிலும் அத்தாப்புக் குடிசைகளிலும் வாழ்ந்தனர். 1961 மே 25ஆம் நாள் புக்கிட் ஹோ சுவீயில் மூண்ட தீ, ஏறத்தாழப் பதினாறாயிரம் பேரை ஒரே மாலையில் வீடற்றவர்களாக்கியது. அங்கே ஒரு விந்தையான சிக்கல் இருந்தது. குடிசைகள் நிறைந்த நிலத்தின் விலை குறைவு. குடியிருப்போரை எழுப்ப முடியாதாகையால் அதை வாங்குவார் இல்லை. தீ குடிசைகளை அழித்த மறுநாளே அந்நிலம் வெற்று நிலமாகி, விலை பன்மடங்கு ஏறிவிடும். ஏழைகளின் வீடு எரிந்ததால் நில உரிமையாளர் செல்வராவதா? தீக்கு இரையான இடத்தை அரசு எடுத்தால் வெற்று நிலத்தின் மதிப்பில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் கொடுக்க வேண்டியதில்லை என்று 1961இல் சட்டம் திருத்தப்பட்டது. பின்னாளில் வந்த விதிகள் அனைத்திற்கும் இதுவே விதை எனலாம்.

1964இல் பிரதமர் லீ குவான் இயூ சட்டமன்றத்தில் முன்வைத்த கோட்பாடு இரண்டு கிளைகள் உடையது. பொதுப்பணத்தால் நிகழும் வளர்ச்சியினால் ஏறும் விலை, நில உரிமையாளருக்கு உரியதன்று. அடுத்து, பொதுத்தேவைக்கு எடுக்கும் நிலத்தின் விலை, அப்பகுதியில் அரசு வளர்ச்சியை எண்ணாதிருந்தால் என்னவாக இருந்திருக்குமோ அதற்கு மிகுதல் கூடாது. பொயின்ட் கோர்ட் தீர்ப்பு ஒரு குறிப்பிட்ட திட்டத்தைப் பற்றிப் பேசியது. சிங்கப்பூர்க் கோட்பாடோ தீவு முழுவதையும் ஒரே திட்டமாகக் கண்டது. வேறுபாடு அங்கேதான்.

இதற்கு அரசியலமைப்பு தடையாக நிற்கக் கூடும் என்ற அச்சமும் இருந்தது. மலேசியக் கூட்டரசு அரசியலமைப்பின் 13ஆம் பிரிவு, போதுமான இழப்பீடு இன்றி எவருடைய சொத்தையும் கட்டாயமாக எடுக்கச் சட்டம் இயற்றலாகாது என்கிறது. சிங்கப்பூர் 1965இல் தனிநாடானபோது, மலேசிய அரசியலமைப்பின் அடிப்படை உரிமைகள் பலவற்றை ஏற்றுக்கொண்டது; 13ஆம் பிரிவை மட்டும் விலக்கியது. தலைமை நீதிபதி வீ சோங் ஜின் தலைமையில் அமைந்த அரசியலமைப்பு ஆணையம் சொத்துரிமையைச் சேர்க்குமாறு 1966இல் பரிந்துரைத்தது. அரசு அதை ஏற்கவில்லை. இழப்பீடு போதாது என்று நீதிமன்றத்திற் சொல்ல ஒரு சொல்லும் இருக்கலாகாது என்பது தெளிவாக எடுக்கப்பட்ட முடிவு. கல்கத்தாவிலும் சென்னையிலும் வீழ்ந்த விதிகள் சிங்கப்பூரில் வீழாமல் நின்றதன் காரணம், அவை மேம்பட்டவை என்பதன்று; அவற்றைத் தட்டிக் கேட்கும் பிரிவு அங்கே இல்லை என்பதே.

1966ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம் 1967 ஜூன் 17 அன்று நடைமுறைக்கு வந்தது. பொதுத்தேவை என்று அரசிதழ் கூறிவிட்டால் அதுவே முடிந்த முடிபு. குடியிருப்பு, வணிகம், தொழில் ஆகிய எதற்கும் நிலம் எடுக்கலாம். விலை பற்றிய முறையீட்டைக் கேட்க மேல்முறையீட்டு வாரியம் அமைந்தது. விசாகப்பட்டினத் தீர்ப்பு திறந்துவைத்த வாயிலை இச்சட்டம் பெரிதும் அடைத்தது: இப்போதைய பயனைக் காட்டிலும் செறிவான வேறு பயனுக்கு நிலம் உதவக்கூடும் என்ற வருங்கால மதிப்பு கணக்கில் வராது. காய்கறித் தோட்டம் காய்கறித் தோட்டமே.

1972, 1973ஆம் ஆண்டுகளில் சொத்து விலைகள் வெறிகொண்டு ஏறின. உடனே வந்தது திருத்தம்: 1973 நவம்பர் 30ஆம் நாளின் விலை, எடுப்பு அறிவிக்கப்பட்ட நாளின் விலை, இவ்விரண்டில் எது குறைவோ அது. ஓர் எடுத்துக்காட்டைக் கொள்வோம். 1973இல் பத்தாயிரம் வெள்ளி பெற்ற துண்டு நிலம், 1985இல் நாற்பதாயிரம் வெள்ளி பெறுகிறது. அவ்வாண்டு அரசு அதனை எடுத்தால் உரிமையாளருக்குக் கிடைப்பது பத்தாயிரம். விலை ஐயாயிரமாக இறங்கியிருந்தால் கிடைப்பது ஐயாயிரம். ஏற்றம் அரசுக்கு, இறக்கம் உரிமையாளருக்கு.

இவ்விதியை வகுத்தோர் மனக்கண்ணில் நின்றவர் நிலச் சூதாடிகள். அவர்கள் இருந்தது உண்மை. ஆனால் சட்டம் சூதாடியையும் சிறு நிலக்காரரையும் வேறு பிரித்து அறியவில்லை. தந்தை விட்டுச்சென்ற இரண்டு ஏக்கரைப் பயிரிட்டு வந்தவர், பழைய நாளின் தொகையைக் கையில் வைத்துக்கொண்டு, இன்றைய விலையில் ஓர் ஏக்கரும் வாங்க இயலாது. விலையேற்றத்தில் பொதுப்பணத்தின் பங்கை விலக்குவது நீதி. பணவீக்கத்தால் எல்லாப் பொருள்களும் ஏறியதில் அவருக்கு உரிய பங்கையும் சேர்த்து விலக்கியது நீதியாகாது. இவ்விரண்டையும் பிரித்துக் கணக்கிட மதிப்பீட்டாளர்க்கு வழி உண்டு. சட்டம் அவ்வழியை நாடாமல், ஒரு நாளைக் குறித்து வேலையை முடித்துக்கொண்டது.

1959 முதல் 1984 வரை அரசு எடுத்த நிலம் ஏறத்தாழ 177 சதுரக் கிலோமீட்டர். அன்றைய தீவின் பரப்பில் மூன்றில் ஒரு பங்கு. அந்நிலத்தின் மேல் எழுந்த அடுக்குமாடி வீடுகளில்தான் சிங்கப்பூர்த் தமிழர் உட்படப் பெரும்பாலோர் குடியேறினர். குறைந்த விலைக்கு வீடு கிடைத்ததில் குறைந்த விலைக்கு எடுத்த நிலத்திற்கும் பங்கு உண்டு என்பதை ஒதுக்கிவிட முடியாது. குறித்த நாள் பின்னர் 1986 ஜனவரி 1 என்றும், 1992 ஜனவரி 1 என்றும், 1995 ஜனவரி 1 என்றும் நகர்த்தப்பட்டது. 2007 பிப்ரவரி 12 முதல் பழைய நாள் முறை கைவிடப்பட்டு, எடுக்கும் நாளின் சந்தை விலையே இழப்பீடு என்றாயிற்று.

இதுகாறும் கூறியவை பட்டா உடையவரைப் பற்றியன. மண்ணைக் கொத்தியவருள் பலரிடம் பட்டா இல்லை. பொங்கோலிலும் சுவா சூ காங்கிலும் தெம்பனிசிலும் பன்றி வளர்த்தும் கீரை பயிரிட்டும் வாழ்ந்த சீனக் குடியானவர்களிற் பலர், சிறு வாடகைக்கோ தற்காலிக உரிமத்திற்கோ நிலத்தில் இருந்தவர்கள். சட்டத்தின் கண்ணில் 'நிலத்தில் உரிமை உடையவர்' என்ற சொல் மாதவாடகையரையும் விருப்பக் குடியினரையும் உள்ளடக்காது. அவர்களுக்கு இழப்பீடு கேட்க வழி இல்லை. ஆயினும் அவர்கள் வெறுங்கையோடு அனுப்பப்படவில்லை. மறுகுடியமர்ப்பு அதிகாரிகள் வந்து வீட்டை அளந்தனர். பழமரங்களையும் பன்றித் தொழுவங்களையும் மீன்குளங்களையும் கணக்கெடுத்தனர். அட்டவணையில் உள்ள வீதப்படி, உரிமையாக அன்றிக் கருணைத் தொகையாகப் பணம் கொடுத்தனர். வீடமைப்புக் கழக வீட்டிற்கு முன்னுரிமையும் கிடைத்தது. விந்தை என்னவெனில், பட்டா உடையவருக்குப் பழைய நாளின் விலை. பட்டா இல்லாதவருக்கோ அவ்வப்போது உயர்த்தப்பட்ட அட்டவணை. அட்டவணையில் இடம்பெறாத பொருளும் உண்டு. 1984இல் பன்றி வளர்ப்பை முற்றாக நிறுத்த அரசு முடிவு செய்தபோது, ஐம்பது வயதுக் குடியானவர் முப்பது ஆண்டுகளாகக் கற்ற தொழில் ஒரே ஆணையில் பயனற்றதாயிற்று. பத்தாம் மாடியில் தொழுவம் கட்ட முடியாது.

நீரிணைக்கு அப்பால் நிலைமை வேறு. மலேசியாவின் 1960ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம், 13ஆம் பிரிவுக்கு அடங்கி, அரசிதழ் அறிவிப்பு நாளை ஒட்டிய சந்தை விலையையே கொடுக்கிறது. நிலம் துண்டாவதால் எஞ்சிய பகுதிக்கு நேரும் கேடு, இடம்பெயரும் செலவு ஆகியவற்றையும் அதன் முதல் அட்டவணை ஏற்கிறது. 2017இல் கூட்டரசு நீதிமன்றம் செமினி நில வழக்கில், இழப்பீட்டை முடிவுசெய்யும் அதிகாரம் மதிப்பீட்டாளரிடம் அன்று, நீதிபதியிடமே இருக்க வேண்டும் என்று கூறி, 1998இல் நடைமுறைக்கு வந்த 40ஈ பிரிவை நீக்கியது. பட்டா உடையவர்க்கு இவை வலுவான காப்பு.

பட்டா இல்லாதவர்க்கு? டெங்கில் அருகே புக்கிட் தம்போயில் வாழ்ந்த தெமுவான் பூர்வகுடியினரின் நிலம், கோலாலம்பூர் அனைத்துலக விமான நிலையத்திற்குச் செல்லும் நெடுஞ்சாலைக்காக 1995இல் எடுக்கப்பட்டது. மரங்களுக்கும் பயிர்களுக்கும் வீடுகளுக்கும் தொகை கொடுத்த அரசு, மண்ணுக்கு எதுவும் கொடுக்கவில்லை. மண் அவர்களுடையதன்று என்பது வாதம். 2002இல் உயர் நீதிமன்றமும், 2005இல் கோபால் ஸ்ரீ ராம் தீர்ப்பெழுதிய மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதனை மறுத்தன. வழிவழியாக வாழ்ந்த நிலத்தில் அவர்க்குள்ள உரிமை சொத்துரிமையே. 1960ஆம் ஆண்டுச் சட்டப்படி மண்ணுக்கும் இழப்பீடு வேண்டும் என்பது தீர்ப்பு. ஜொகூரில் லிங்கியூ அணைக்காகக் காட்டை இழந்த ஜகூன் மக்களுக்கு அதற்கு முன்பே நீதிமன்றம் 2 கோடியே 65 இலட்சம் வெள்ளி வழங்கியிருந்தது. 1998இல் அது மேல்முறையீட்டிலும் உறுதியாயிற்று. காட்டின் விளைபொருளையும் நடமாடும் உரிமையையும், பிறக்கப்போகும் தலைமுறையின் வாழ்வையும் அத்தொகை கருத்திற் கொண்டது.

அதே டெங்கில் வட்டாரத்தில் தமிழர்க்கு நெருக்கமான மற்றொரு கதை நடந்தது. புத்ராஜெயா நகருக்காக எடுக்கப்பட்ட நிலத்தில் பெராங் பெசார் தோட்டம் முதன்மையானது. முதல் உலகப் போருக்குப் பின் ஆங்கிலப் படைவீரர் சிலர் தோற்றுவித்து, அப்போரின் பெயரையே சூட்டிய தோட்டம் அது. அங்கு உருவான 'பி.பி.' என்னும் எழுத்துகளைத் தாங்கிய இரப்பர் ஒட்டினங்கள் உலகெங்கும் பரவின. அவற்றின் பாலை இறக்கிய தமிழ்த் தொழிலாளர், அதன் லயங்களில் இரண்டு மூன்று தலைமுறைகள் வாழ்ந்தனர். வீட்டுக்குப் பின்புறம் காய்கறி பயிரிட்டனர், மாடு வளர்த்தனர், கோயில் எழுப்பினர். ஆயினும் 1960ஆம் ஆண்டுச் சட்டத்திலும் விருப்பக் குடியினர் 'உரிமை உடையவர்' ஆகார். லயம் வேலையோடு வந்த வீடு. வேலையோடு போகும் வீடு. மண்ணின் விலை தோட்டக் கம்பெனிக்கு உரியது.

தொழிலாளர்க்குச் சட்டம் அளித்தது, 1980ஆம் ஆண்டுப் பணிநீக்கப் பயன் விதிகளின்படி அமைந்த தொகை. ஐந்தாண்டுகளும் அதற்கு மேலும் உழைத்தவர்க்கு, உழைத்த ஆண்டு ஒவ்வொன்றுக்கும் இருபது நாள் கூலி. நிலத்தின் சந்தை விலையோ, அரசிதழின் தேதியோ இக்கணக்கில் வருவதில்லை. செக்ரோலில் பெயர் ஏறிய நாள்தான் வரும். பெராங் பெசார், கேலோவே, செஜெலி, மெடிங்லி ஆகிய தோட்டங்களிலிருந்து பெயர்ந்த குடும்பங்கள் டெங்கில் தாமான் பெர்மாத்தாவில் கட்டப்பட்ட அடுக்குமாடிகளில் குடியேறின. அங்கிருந்தபடியே, இருபது ஆண்டுகளுக்கும் மேலாக, அவர்கள் தரைவீடு கேட்டு மனு எழுதி வந்தனர்.